வெட்டாத ராணி

முருகதாஸ் அண்ணன் பேசினால் எச்சில் தெறிக்கும். அதைத் துடைத்துக்கொண்டே சிரிக்க நான் பழகி இருபது வருடம் ஆகிறது. எங்கள் சதுரங்கச் சங்கத்துக்கு அவர்தான் செயலாளர். யார் மாநிலப் போட்டிக்குப் போவது, யாருக்குச் சான்றிதழ், யாருக்கு வெறும் கைகுலுக்கல், எல்லாம் அவர் சட்டைப்பைக்குள் இருக்கும். இந்தத் தடவை அந்தப் பைக்குள் என் வேலையும் இருந்தது.

விளையாட்டு ஒதுக்கீட்டில் ஒரு அரசு வேலை. இந்த டிசம்பரோடு எனக்கு வயது வரம்பு முடிகிறது. என் சாதனைகளை ஒரு படிவத்தில் எழுதிச் செயலாளர் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டும். ஐந்து தடவை மாநில சாம்பியன், இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டம், எல்லாம் நான் உட்கார்ந்து ஆடி வாங்கியவை. ஆனாலும் அவர் எழுதினால்தான் அது சாதனை. "நாளைக்கு வா மக்கா" என்று நாலு மாதம் என்னை நடக்கவிட்டார்.

அப்போதுதான் வட்டக்கோட்டைப் பக்கம் ஒரு ஓட்டலில் அந்தப் போட்டி நடந்தது. பத்து ஆட்டக்காரர்கள், ஒன்பது சுற்று. கிராண்ட்மாஸ்டர் ஆக வேண்டும் என்றால் பெரிய ஆட்டக்காரர்கள் நடுவே மூன்று போட்டிகளில் தேற வேண்டும். அந்தத் தேர்ச்சிக்கு நார்ம் என்று பெயர். ராஜாக்கமங்கலத்து ஆதர்ஷுக்குப் பத்தொன்பது வயது. இரண்டு நார்ம் கையில் இருந்தது. மூன்றாவதற்காக அவன் அப்பா கைலாசநாதன் நாலு வெளிநாட்டு ஆட்டக்காரர்களை வரவழைத்து, ஆப்பமும் கடலையும் போட்டு, கோட்டையைச் சுற்றிக் காட்டி, போட்டியையே நடத்தினார்.

பையன் நன்றாகத்தான் ஆடினான், அதுதான் வயிற்றெரிச்சல். எட்டுச் சுற்று முடிந்தபோது அரைப் புள்ளி, அதாவது ஒரு டிரா, போதும் என்று நின்றான். கடைசிச் சுற்றில் அவனுக்கு எதிரே, அவன் அக்கா என்று கூப்பிடுகிற நான். அன்று காலையில் முருகதாஸ் அண்ணன் என்னை ஓட்டல் மாடிப்படிக்குப் பக்கத்தில் ஒதுக்கினார்.

"ஒரு டிரா குடுத்திரு பிள்ளே."

"எதுக்கு அண்ணே? அவன் நல்லாத்தானே ஆடுகான். அவனே எடுத்துக்கிடுவான்."

"உன்கிட்ட நாலு தடவ தோத்திருக்கான்லா. உன்னைக் கண்டாலே அவனுக்கு கை வெறைக்கி. அங்க ஜங்ஷன்ல பிளக்ஸ் கட்டியாச்சி, செண்டைக்காரனுக்குச் சொல்லியாச்சி. இனி அவன் தோத்தா கைலாசநாதன் அண்ணாச்சி வெளிய தலை காட்ட முடியாது. உனக்க ஃபாரம் எனக்க பையில இருக்கு, கேட்டியா?"

பரீட்சை எழுதுமுன் ரிசல்ட்டைப் பிளக்ஸ் அடித்துக் கட்டுகிற ஊர் எங்கள் ஊர். அந்தப் பிளக்ஸை அவிழ்ப்பது பெரிய மானக்கேடாம். ஆட்டத்தை விற்பது மானக்கேடு இல்லையாம்.

முப்பது நகர்த்தலுக்கு முன் டிரா செய்யக் கூடாது என்பது போட்டி விதி. ஆகவே முப்பத்து நாலு நகர்த்தல்களையும் ஒரு நோட்டுத் தாளில் அவரே எழுதி வைத்திருந்தார். ஆதர்ஷிடம் ஒன்று, என்னிடம் ஒன்று. வாங்காமல் வந்திருக்கலாம். வாங்கினேன். கக்கூஸில் உட்கார்ந்து மனப்பாடம் செய்தேன், அதற்கு ஏற்ற இடம்தான்.

பதினாறு நகர்த்தல் வரை ஒழுங்காகப் போயிற்று. பதினேழாவதில் அவன் குதிரையால் என் குதிரையை வெட்ட வேண்டும். நான் சிப்பாயால் அவன் குதிரையை வெட்ட வேண்டும். அதற்குப் பிறகுதான் அவன் ராணி நடுப்பலகைக்கு வர வேண்டும். பாடத்தில் ஒரு வரியை விட்டுவிட்டு ஒப்பிக்கிற பிள்ளை மாதிரி, அவன் ராணியை முதலில் வைத்துவிட்டான். என் குதிரை உயிரோடு நிற்கிறது. அதன் வாய்க்கு நேராக அவன் ராணி. காவலுக்கு ஒரு சிப்பாய்கூட இல்லை.

கடிகாரத்தை அமுக்கிய பிறகுதான் அவனுக்கு விளங்கிற்று. காது இரண்டும் சிவந்தன. பலகையைப் பார்க்காமல் என்னைப் பார்த்தான்.

பதினோரு நிமிடம் உட்கார்ந்திருந்தேன். குதிரையைத் தொட்டால் ஆட்டம் முடிந்தது, என் வேலையும் முடிந்தது. பக்கத்துப் பலகையில் இருந்த வெளிநாட்டுக்காரர் எட்டிப் பார்த்தார். ஒரு தடவை என் முகத்தையும் பார்த்துவிட்டுத் தன் பலகைக்குத் திரும்பிக்கொண்டார். நடுவர் ஜெபதாஸ் எங்கள் மேசைக்கு வந்தார். ராணியைப் பார்த்தார். இன்டர்நெட்டில் இந்தப் பலகையை எத்தனையோ ஊர்க்காரர்கள் அந்த நேரத்தில் பார்த்துக்கொண்டிருப்பார்கள் என்பதும் அவருக்குத் தெரியும். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு வேறு மேசைக்குப் போய்விட்டார்.

நான் யானையை நகர்த்தினேன், தாளில் இருந்தபடி. அவன் அவசரமாகக் குதிரையை வெட்டினான், நான் சிப்பாயால் வெட்டினேன், பலகை பழையபடி தாளோடு சேர்ந்துகொண்டது. முப்பத்து நாலில் கை கொடுத்தோம். அவன் கை நனைந்திருந்தது. வெளியே போய் என் கையைக் கழுவினேன், நாற்றம் போகாத மாதிரி திரும்பத் திரும்பக் கழுவினேன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை கல்யாண மண்டபத்தில் பாராட்டு விழா. படிவத்தை அங்கே வைத்துத் தருவதாக முருகதாஸ் அண்ணன் சொல்லியிருந்தார். மேடைக்குப் பின்னால் கட்டிய பிளக்ஸைப் பார்த்தேன். ஆதர்ஷின் படத்துக்குப் பக்கத்தில் அதே பலகை, அதே பதினேழாவது நகர்த்தல். மேலே 'ராணியைக் கொடுத்த ராஜாக்கமங்கலத்து ராஜா' என்று எழுதியிருந்தது. இன்டர்நெட்டில் பலபேர் சிரித்ததும், இவர்கள் அதைத் தியாகம் ஆக்கிவிட்டார்கள்.

முருகதாஸ் அண்ணன் மைக்கில் எச்சில் தெறிக்கப் பேசினார். "பெத்த தாய மாதிரி ராணிய முன்ன வச்சான். எதிராளி நடுங்கிப்போச்சி. இத நான் சொன்னா வெளம்பரம்னு நெனப்பிய. ஆடுன பிள்ளையே இங்க நிக்கி. அது சொல்லட்டும்."

மைக் என் கைக்கு வந்தது. முன்வரிசையில் ஜெபதாஸ் பொன்னாடையோடு இருந்தார். கைலாசநாதன் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். அந்த மனிதர் மட்டும் உண்மையிலேயே நம்பியிருப்பார் போல. முருகதாஸ் அண்ணன் சட்டைப்பையை ஒரு தடவை தட்டிக் காட்டினார்.

"அவன் ராணிய வச்சான். எடுத்தா உள்ள என்னமோ இருக்குன்னு பயந்துட்டேன். அவ்வளவு தூரம் என்னால பாக்க முடியல."

கைதட்டல் அடங்க நேரமாயிற்று. எட்டு வயதிலிருந்து எனக்கு இருந்த ஒரே சொத்து பலகையைப் பார்க்கிற கண். அந்தக் கண் எனக்கு இல்லை என்று நானே மைக் பிடித்துச் சொன்னேன்.

ஆதர்ஷ் மாலையோடு என் காலில் விழ வந்தான். குனிந்தபடியே மெதுவாகக் கேட்டான்.

"அக்கா, தாள் இல்லாம ஆடியிருந்தா நான் டிரா பண்ணியிருப்பேன்லா?"

"தெரியாது மக்கா," என்றேன். அன்று நான் சொன்ன ஒரே உண்மை அதுதான். அவன் எழுந்திருக்கக் கொஞ்ச நேரம் பிடித்தது.

பந்தியில் இரண்டாவது பாயசம் வரும்போது முருகதாஸ் அண்ணன் இடது கையால் படிவத்தை நீட்டினார். கையெழுத்து, முத்திரை, தேதி எல்லாம் சரியாக இருந்தன. 'தலைசிறந்த சாதனை' என்ற கட்டத்தில் ஒரே ஒரு வரிக்குத்தான் இடம். அதில் என் ஐந்து மாநிலப் பட்டங்களும் இல்லை. அவர் அழகான எழுத்தில் எழுதியிருந்தார்: 'கிராண்ட்மாஸ்டர் ஆதர்ஷுடன் சமநிலை கண்டவர்.'

"நல்லாருக்கா, கொள்ளாமா?" என்று கேட்டார்.

"கொள்ளாம் அண்ணே," என்றேன். கசங்கிவிடக் கூடாது என்று அதை ஒரு பிளாஸ்டிக் உறையில் போட்டுப் பைக்குள் பத்திரமாக வைத்தேன்.