ஜூலை மாதத்துப் பனி

வேலைக்குக் கிளம்பிய ஓதீல் தெருக்கதவைத் திறந்தபோது வெளியே பனி பெய்துகொண்டிருந்தது. ஜூலை மாதக் காலை. நேற்றைய வெக்கையில் தார் இளகிக் கிடந்த, பிரான்சின் நாந்த் நகரத்துத் தெரு, இன்று வெள்ளைவெளேரென்று, ஓசையடங்கிக் கிடந்தது.

இளம்பெண் ஒருத்தி ஓடிவந்தாள். தெருவில் நடந்த படப்பிடிப்பின் இயக்குநர் அவள்தான்.

"மன்னிச்சுக்குங்க மேடம், குறும்படம் எடுக்கறோம். இதெல்லாம் காகிதப் பனி. மூணாவது மாடி உங்க வீடா?"

"ஆமா. எனக்கு டிராமுக்கு நேரமாச்சும்மா."

"ஜன்னலைத் திறந்து பனியைப் பார்க்க ஒருத்தர் வேணும். வர வேண்டிய நடிகை வரல."

"நான் பல் டாக்டர்கிட்ட வேலை பாக்கறவ. நடிப்பெல்லாம் வராது."

"நடிக்காதீங்க. சும்மா பாருங்க, போதும்."

ஏன் ஒத்துக்கொண்டாள் என்று அவளுக்கே தெரியவில்லை. மாடியேறி ஜன்னலைத் திறந்தாள். வெள்ளைத் துணுக்குகள் மெல்ல மிதந்து உள்ளே வந்து படுக்கையில் இறங்கின.

அப்போது எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது. அர்மேல். மதுவிடுதியில் டிரம்பெட் வாசிப்பவன். வீட்டிலும் வாசிக்கிறான் என்று ஓதீல் ஒருமுறை கத்தித் தீர்த்ததிலிருந்து, ரொட்டிக்கடையில் எதிர்ப்பட்டாலும் இருவரும் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். இப்போது தூக்கக் கலக்கத்தோடு கையை வெளியே நீட்டினான்.

"பனியா பெய்யுது?"

உண்மையைச் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை.

"ஆமா. ராத்திரியிலேருந்தே."

அவன் தலையாட்டிவிட்டு உள்ளே போனான். சற்று நேரத்தில் கம்பளிக் கோட்டும் கழுத்துத் துண்டுமாகத் தெருவில் நின்று அவளைப் பார்த்துக் கையசைத்தான். இயக்குநர்ப் பெண், படம்பிடிப்பதை நிறுத்த வேண்டாமென்று தன் ஆட்களுக்குச் சாடை காட்டினாள்.

ஓதீல் படியிறங்கிப் போனாள். இருவரும் பனியில் சேர்ந்து நடந்தார்கள். தெருமுனையில் பனி முடிந்து வெயில் தொடங்கியது. அங்கே ஒரு பேருந்து உறுமிக்கொண்டு போனது. அந்த எல்லையில் நின்ற இருவரும் பனிக்குள்ளேயே திரும்பி நடந்தார்கள்.

"காகிதம்னு எப்பத் தெரிஞ்சுது?"

"கையை நீட்டினதுமே."

"அப்புறம் எதுக்கு இந்தக் கோட்டு?"

"இத்தனை நாளுக்கப்புறம் என்கிட்ட ஒரு வார்த்தை பேசினீங்க. அதைப் போய் பொய்யாக்கவா?"

அவன் நெற்றியிலிருந்து வியர்வை வழிந்தது. அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"கழட்டுங்க, வேர்த்துக் கொட்டுது."

"பனி நிக்கட்டும்."

பனி தூவிய இயந்திரம் ஓய்ந்து கடைசித் துணுக்கும் தரையில் படிந்த பிறகுதான் கோட்டைக் கழற்றினான். அன்று பல் மருத்துவரிடம் வேலைக்கு ஓதீல் மதியத்துக்கு மேல்தான் போனாள்.