கிராணி வாசிக்காத பட்டியல்

சமையலறைக் கதவைத் தோளால் இடித்துத் திறந்துகொண்டு உள்ளே நுழைந்தாள் வசுந்தரா. ஆவி பறந்த அண்டாக்களுக்கு நடுவே நின்ற பெண், டாய்லெட் அந்தப் பக்கம் என்று கரண்டியால் வழி காட்டினாள். வசுந்தராவுக்கு வேண்டியது இந்த நாடகத்தை நடத்துகிறவன். அதுவும் இருபது நிமிடத்துக்குள்.

அவள் கையில் நிகழ்ச்சித் தாள் கசங்கியிருந்தது. மூன்றாம் காட்சிக்கு நேரே ஒரே வரி. 'கிராணி சிவசம்பு பெயர் வாசிக்கிறார்.'

சிவசம்பு அவளுடைய அப்பப்பா.

வெளியே கூடத்தில், நான்காம் மேசையில், அந்தச் சிவசம்புவின் மகன் உட்கார்ந்து அவித்த மரவள்ளிக்கிழங்கைப் பிய்த்துத் தின்றுகொண்டிருந்தார். கமலநாதன், வயது எண்பத்து நாலு. போன பிப்ரவரியில் இதயக் குழாயில் ஸ்டென்ட் வைத்தவர்.

மெல்பர்னிலிருந்து இரண்டு வார விடுமுறைக்கு வந்திருந்தார்கள், அப்பாவும் மகளும். பிரிக்பீல்ட்ஸில் ஹோட்டல். லங்காவித் தீவுக்குப் போகலாம் என்றுதான் வசுந்தரா திட்டம் போட்டாள். அப்பா கேட்கவில்லை. கிள்ளானில் ஒரு விருந்து நாடகம் நடக்கிறது, ஜப்பான்காரன் காலத்து ரப்பர்த் தோட்டத்தைப் பற்றியது, அதன் கடைசி நாளுக்காவது போய்ச் சேர வேண்டும் என்று ஒரே பிடிவாதம். அதற்காகவே பயணத்தை ஒரு வாரம் முன்னுக்குக் கொண்டுவர வேண்டியிருந்தது. காப்பாருக்குப் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்தவர், பழசைப் பார்க்க ஆசைப்படுகிறார் என்று அவள் விட்டுவிட்டாள். இன்று மாலை பெடரல் ஹைவேயில் மழையும் நெரிசலும் சேர்ந்து டாக்சி நின்றபோது, இன்னும் எவ்வளவு நேரம் என்று அவர் டிரைவரை நாலு தடவை கேட்டார். பசி போலிருக்கிறது என்று நினைத்தாள்.

நாடகம் நடந்தது ஆற்றோரத்துப் பழைய கிடங்கு ஒன்றில். எண்பது விருந்தாளிகள் நீள மேசைகளில் உட்கார, நடிகர்கள் மேசைகளுக்கு நடுவிலேயே நடமாடினார்கள். முதலில் அந்தக் காலத்துச் சாப்பாடு, கிழங்கும் சீனி போடாத கறுப்புக் காப்பியும். நாடகம் முடிந்த பிறகு பின்முற்றத்தில் மட்டன் பெரட்டலோடு நிஜ விருந்து. கிழங்கைக் கண்டதும் பக்கத்து நாற்காலி தனலெட்சுமி, கிள்ளான்காரி, ஆள் நல்ல பருமன், மேசைக்கே கேட்கும்படி புலம்பினாள்.

"எங்க தாத்தா இத திங்க முடியாமத்தான் தோட்டத்த வுட்டே ஓடி வந்தாரு. நான் டிரெஸ் போட்டுக்கிட்டு வந்து திங்கறேன் பாருங்க ஆன்டி."

எல்லோரும் சிரித்தார்கள். வசுந்தராவும் சிரித்தாள். சிரித்தபடியே தாளைப் புரட்டியபோதுதான் அந்த வரி கண்ணில் பட்டது.

மூன்றாம் காட்சியில் என்ன நடக்கும் என்று தொடக்கத்திலேயே ஒருவர் மைக்கில் விளக்கியிருந்தார். சயாமில் ரயில்பாதை போடத் தோட்டத்திலிருந்து ஆட்களைப் பிடித்து அனுப்பிய காலம். கிராணி, அதாவது தோட்டத்துக் குமாஸ்தா, நாற்பத்தொரு பெயர்களை ஒவ்வொன்றாக வாசிப்பார். ஒரு பெயருக்கு ஒரு விருந்தாளி என்று கையைக் காட்டுவார். அந்த ஆள் எழுந்து 'இருக்கேன்' என்று சொல்லிவிட்டுப் பின்கதவு வழியாக வெளியே போய்விட வேண்டும். கடைசியில் பாதிக் கூடம் காலியாகிவிடும். பாதி தின்ற தட்டுகள் மட்டும் மேசையில் இருக்கும். நிஜமான பட்டியல், நிஜமான பெயர்கள்.

நிஜமான கிராணியும்தான் போலிருக்கிறது.

வசுந்தராவுக்குத் தெரிந்த சிவசம்பு வேறு. சயாமுக்குப் போக வேண்டிய சனங்களைத் தன் குவாட்டர்ஸில் ஒளித்துக் காப்பாற்றிய மனிதர். மெல்பர்ன் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் அவர் பெயரில் வருடா வருடம் ஒரு பரிசு உண்டு. மேடையேறி அந்தக் கதையைச் சொல்கிறவள் வசுந்தராதான். அப்பா முன்வரிசையில் உட்கார்ந்து கேட்பார். ஒரு தடவைகூட ஒரு வார்த்தை கூட்டிச் சொன்னதில்லை.

மேசையில் கிடந்த அப்பாவின் மூக்குக்கண்ணாடியை எடுத்துத் தன் கைப்பையில் போட்டாள். தாளையும் கையோடு எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டாள்.

திரைக்குப் பின்னால் வெள்ளைக் கோட்டுக்குப் பொத்தான் போட்டுக்கொண்டிருந்தான் ஒருவன். யுகேந்திரன். நாடகத்தை எழுதியவனும் இயக்குகிறவனும் அவன்தான், கிராணியாக நடிப்பவனும் அவன்தான். வசுந்தரா மூச்சு வாங்க விஷயத்தைச் சொன்னாள். அவன் தாளை வாங்கிப் பார்த்தான். கிராணியின் பெயரை மட்டும் மாற்றிவிடுவதாகச் சொன்னான்.

அது போதாது. பட்டியல் சுவரில் ஆள் உயரத்துக்கு ஒளிப்படமாக விழப்போகிறது. அடியில் சிவசம்புவின் கையெழுத்து இருக்கிறது. அதை அவளே இப்போதுதான் அங்கிருந்த கணினித் திரையில் பார்த்தாள். வளைந்து வளைந்து போகும் அந்தக் கையெழுத்தை வீட்டுப் பத்திரங்களில் அவளுக்குத் தெரியும். கண்ணாடி இல்லாவிட்டாலும் அவ்வளவு பெரிய எழுத்து அப்பாவுக்குத் தெரியும்.

"அந்தக் காட்சியே வேண்டாம்," என்றாள்.

"ரோல் எடுத்துப் பேர் வாசிக்கலன்னா நாடகமே இல்ல லா, அக்கா."

பட்டியல் வந்த கதையைச் சொன்னான். போன வருடம் தபாலில் வந்ததாம். பழைய தாளின் நகல். அனுப்பியவர் பெயர் இல்லை. கூட ஒரு துண்டுக் கடிதம், அதில் ஒரே நிபந்தனை. நாற்பத்தொரு பெயரையும் சத்தமாக வாசிக்க வேண்டும், ஒன்றைக்கூட விடக்கூடாது.

"ஆறு வாரமா ஒரு பேர் வுட்டதில்ல, அக்கா. இன்னிக்கு கடைசி. நாளைக்கு செட்ட பிரிச்சிருவோம்."

வசுந்தரா கடைசி ஆயுதத்தை எடுத்தாள். அப்பாவுக்கு அதிர்ச்சி எதுவும் ஆகாது என்று டாக்டர் எச்சரித்திருக்கிறார், இங்கே அவருக்கு ஏதாவது ஆனால் அதற்கு நீதான் பொறுப்பு என்றாள். எந்த டாக்டரும் அப்படிச் சொல்லியிருக்கவில்லை. சொல்லும்போது கண்ணீர் தானாக வந்தது. அது அப்பாவுக்காகவா, பள்ளிக்கூட மேடைக்காகவா என்று யாராவது கேட்டிருந்தால் அவளால் பதில் சொல்லியிருக்க முடியாது.

யுகேந்திரன் கையிலிருந்த செக்ரோலை, தோட்டத்து ஆட்களின் பெயர்ப் புத்தகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"சரி," என்றான். முகத்தைப் பார்க்காமல் சொன்னான்.

அவள் மேசைக்குத் திரும்பியபோது கமலநாதன் சாப்பிடுவதை நிறுத்தியிருந்தார். கையைத் துடைத்து, சட்டையின் கழுத்துப் பொத்தானையும் போட்டிருந்தார்.

"மூண்டாவது காட்சி இனித்தானே, பிள்ளை?"

ஆமாம் என்றாள். தண்ணீர் வேண்டுமா என்று கேட்டாள். அவர் அதைக் காதில் வாங்கவில்லை.

விளக்குகள் மங்கின. ஜப்பான் சிப்பாய்களாக நடித்தவர்களின் பூட்ஸ் ஒலி கூடத்தைச் சுற்றி வந்தது. வெள்ளைக் கோட்டும் தொப்பியுமாகக் கிராணி வந்து நடுவில் நின்று புத்தகத்தைத் திறந்தான். கமலநாதன் மேசை விளிம்பில் இரண்டு உள்ளங்கைகளையும் ஊன்றி, நாற்காலியிலிருந்து அரை அங்குலம் எழும்பினார்.

கிராணி நான்காம் மேசையை ஒரு பார்வை பார்த்தான். புத்தகத்தை மூடினான்.

"எல்லாரும் கெளம்புங்க. ரயில் வந்திருச்சு."

ஊதல் சத்தம் கூடத்தை நிறைத்தது. விருந்தாளிகள் செல்போன்களைத் தூக்கிப் பிடித்தபடி, சிரித்துப் பேசிக்கொண்டு பின்கதவுக்கு நகர்ந்தார்கள். முற்றத்திலிருந்து மட்டன் வாசம் வந்தது. தனலெட்சுமிதான் எல்லோருக்கும் முன்னால் போனாள். இரண்டு நிமிடத்தில் கூடத்தில் அப்பாவையும் மகளையும் தவிர யாருமில்லை.

அவர் அதே அரைகுறை நிலையில் இருந்தார். பிறகு மெல்ல உட்கார்ந்தார்.

"பேர் வாசிக்கேல்லையே."

நேரமாகிவிட்டது போல, கடைசி நாள் அல்லவா, குறைத்திருப்பார்கள் என்று வசுந்தரா சொல்லிப்பார்த்தாள்.

"நீ போய்ச் சொல்லித்தான் நிப்பாட்டினதோ?"

அவள் கைப்பையிலிருந்து அவருடைய கண்ணாடியை எடுத்து மேசையில் வைத்தாள். அவருக்கு அது போதுமாக இருந்தது. கோபித்துக்கொள்வார் என்று எதிர்பார்த்தாள். அவர் எதிரே இருந்த காலி நாற்காலிகளைப் பார்த்துக்கொண்டே பேசினார்.

"அந்தப் பட்டியல இவையளுக்கு அனுப்பினது நான்தான், வசு. உன்ர அப்பம்மா சாகிறதுக்கு முதல் நாள் என்ர கையில தந்தவ. முப்பது வருஷமாச்சு."

அப்பாவுக்குத் தெரியும். முப்பது வருடமாகத் தெரியும். தெரிந்துகொண்டுதான் ஒவ்வொரு பரிசளிப்பு விழாவிலும் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்.

அடுத்த கணம் அவள் முற்றத்துக்கு ஓடினாள்.

யுகேந்திரன் கோட்டைக்கூடக் கழற்றாமல் தண்ணீர்த் தொட்டியருகே தனியாக நின்றிருந்தான். அவள் சொன்னதைக் கேட்டதும் மறுபேச்சுப் பேசாமல் மைக்கை எடுத்தான். ஒரு காட்சி விட்டுப்போச்சு, தயவுசெய்து எல்லாரும் உள்ள வாங்க என்றான். வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்துவிட்டு மறுபடி வரிசையையே பார்த்தார்கள். மூலையில் உறுமிக்காரர்கள் அடிக்கத் தொடங்கியிருந்தார்கள். அவன் இரண்டாம் தடவை கூப்பிட்டான். நாலு பேர் வந்தார்கள், தட்டும் கையுமாக. ஒருவர் நின்றபடியே எலும்பைக் கடித்துக்கொண்டிருந்தார்.

கூடத்தில் இரண்டு ஆட்கள் ஏணி வைத்து ஏறி, செட்டின் தகரங்களைக் கழற்ற ஆரம்பித்துவிட்டார்கள். யுகேந்திரன் புத்தகத்தைத் திறந்து கமலநாதனின் முன்னால் நின்றான்.

"அங்கிள், இப்ப வாசிக்கிறேன். மன்னிச்சிருங்க."

கமலநாதன் வந்திருந்த நாலு பேரையும் பார்த்தார். தலையை ஆட்டினார்.

"வேண்டாம், தம்பி. எனக்கு மட்டும் வாசிக்கிறதெண்டால் நானே வாசிப்பன். முப்பது வருஷமா அறையைப் பூட்டிப்போட்டு அதைத்தான் செய்யிறன். நீங்கள் போய்ச் சாப்பிடுங்கோ."

அவர்கள் போனார்கள். யுகேந்திரன் புத்தகத்தை மூடிக்கொண்டு போனான். மேலே தகரம் ஒன்று ஆணியிலிருந்து பிடுங்கிக்கொண்டு கிறீச்சிட்டது.

வசுந்தராவுக்கு இப்போதுதான் கோபம் வந்தது. அழுகையும் சேர்ந்து வந்தது. எண்பது அந்நியர்களுக்கு முன்னால் பெத்த தகப்பனை இழுத்துவந்து நிறுத்த வேண்டிய அவசியம் என்ன என்று கேட்டாள். பஞ்சத்தில் தான் கிழங்கைத் தின்றுவிட்டு மகனுக்குச் சோறு போட்ட மனிதர், லண்டனுக்கு அனுப்பிப் படிக்க வைத்த மனிதர், அவரை ஏன் இப்படிச் சந்திக்கு இழுத்தீர்கள் என்று கேட்டாள்.

அவர் முழுவதும் கேட்டார்.

"வளர்த்ததில ஒரு குறையும் இல்லை," என்றார். "என்ர சாப்பாட்டில கையே வைக்க மாட்டார். நான் சாப்பிட்டு முடியிற மட்டும் பக்கத்தில நிப்பார். அந்தாளை நான் நிறுத்த வரேல்லை."

"பிறகு என்னத்துக்கு வந்தனீங்கள்?"

கமலநாதன் கழுத்துப் பொத்தானைக் கழற்றப் பார்த்தார். அது துளையில் சிக்கிக்கொண்டது. அவள் குனிந்து கழற்றிவிட்டாள்.

"ஒருக்கா வெளியில கேக்கோணும் எண்டு இருந்தது. சனத்துக்கு முன்னால ஆரோ ஒருத்தர் எழும்பி, இருக்கிறன் எண்டு சொல்லோணும். அண்டைக்கு வாசிச்சதுக்குப் பிறகு அந்த மனிசனை ஆரும் பேர் சொல்லிக் கூப்பிடேல்லை."

"ஆரை, அப்பா?"

"பதினேழாவது பேர், அய்யாவு. பால்மரம் வெட்டினவர், ரப்பர் பால் எடுக்கிற வேலை. பெண்சாதி செத்து ஒரு மாசம், கையில மூண்டு வயசுப் பிள்ளை. அவரைச் சயாமுக்கு எழுதிப்போட்டு, பிள்ளை இல்லாத உன்ர அப்பப்பா அந்தப் பிள்ளையத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தவர்."

அவர் அவளை நிமிர்ந்து பார்த்தார்.

"அந்தப் பிள்ளை நான்."