மலையேறும் கோடு, மலையிறங்கும் கோடு

1

இந்தக் கதை ஒரு மருந்துக்கடை வரிசையில் பிறந்தது. மற்றவர்களுக்கெல்லாம் கதை கடற்கரையிலும் ரயில் பயணத்திலும் கிடைக்கிறது. எனக்குக் கிடைத்தது கள்ளக்குறிச்சியில் ரத்த அழுத்த மாத்திரைக்கு நின்ற இடத்தில். எனக்கு முன்னால் ஆயிரம் பேர் நின்றார்கள்.

(நான்கு பேர். நான் ஓய்வுபெற்ற கணக்கு டீச்சர். வேலையில் இருந்தவரை ஒரு தசமப் புள்ளியைக்கூட இடம் மாற்றியதில்லை. ஓய்வு பெற்ற மறுநாள் காலை, காபி குடித்த கையோடு, இனிமேல் எண்களை என் இஷ்டத்துக்கு ஊதிப் பெருக்குவது என்று முடிவெடுத்தேன். அந்தச் சுகத்தை அனுபவித்தவர்களுக்குத்தான் தெரியும். உங்களுக்குச் சந்தேகம் வந்தால் அடைப்புக்குறிக்குள் பாருங்கள். அங்கே மட்டும் உண்மை பேசுவேன்.)

பின்னால் நின்ற பெண் என் தோளைத் தொட்டாள்.

"நீங்க செந்தமிழ்ச்செல்வி டீச்சர்தானே? நான் சுபலட்சுமிங்க. மலையில ஹாஸ்டல்ல சமைச்சாங்களே பொன்னாயி, அவங்க பொண்ணு."

"அடிப்பாவி! இத்தனூண்டு இருந்த. பொன்னாயி எப்படி இருக்கா?"

"அம்மா தவறிட்டாங்க டீச்சர். கடைசி வரிக்கும் ஒங்களப் பத்திப் பேசிக்கினே இருந்தாங்க. ரோடு மறியலப்ப ஒருத்தரு ஒங்களத் தேடிக்கினு மலையேறி வந்தாரே, அவரத்தான் கட்டிக்கினீங்களானு கேப்பாங்க."

"யாரு? எங்க வந்தாரு?"

"இன்னா டீச்சர், ஒங்களுக்குத் தெரியாதா?"

தெரியாது. மாத்திரை வாங்காமலே பஸ் ஏறி, தியாகதுருகத்தில் இருக்கும் என் வீட்டுக்கு வந்துவிட்டேன். அன்றைக்கு என் ரத்த அழுத்தத்தை அளந்திருந்தால் அளக்கிற கருவி வெடித்துக் கூரையில் ஒட்டியிருக்கும்.

(வீட்டில் கேட்பதற்கு ஆள் இல்லாததால் சுவர்க் கடிகாரத்திடம் சொன்னேன். "அவர் வந்தாராம்." அது தன் வேலையைப் பார்த்தது.)

2

எப்படித் தொடங்குவது?

"1987 செப்டம்பரில், இட ஒதுக்கீடு கேட்டு நடந்த ஒரு வாரச் சாலை மறியலின்போது, வட மாவட்டங்களின் போக்குவரத்து முற்றிலும்" — வேண்டாம். இது பாடப்புத்தகம். இரண்டு மதிப்பெண் கேள்வி கேட்பார்கள்.

"மேகங்கள் கல்வராயன் மலையின் தோளில் சாய்ந்திருந்த அந்தக் காலை" — மேகங்கள் எங்கே சாய்ந்திருந்தன என்று யாருக்கு நினைவிருக்கிறது?

"அவள் தனியாக இருந்தாள்." — உண்மைதான். ஆனால் அதற்கு மேல் எழுத அந்த வாக்கியம் இடம் கொடுக்கவில்லை.

எனக்குத் தெரிந்த வழியில் தொடங்குகிறேன். ஒரு வரைபடத்தாள் எடுத்துக்கொள்ளுங்கள். படுத்திருக்கும் கோடு நேரம். நின்றிருக்கும் கோடு தூரம். இரண்டும் சேரும் மூலையில், ஆதிப்புள்ளியில், மலையடிவாரத்துக் கச்சிராயபாளையம். மேலே போகப் போக மலை. தாளின் உச்சியில் எங்கள் உண்டு உறைவிடப் பள்ளி. அதன் பின்பக்கம் ஓடு வேய்ந்த ஓர் அறை, ஒரு கட்டில், ஒரு ஜன்னல், மழை. அங்கே என்னை ஒரு புள்ளியாக வையுங்கள். பென்சிலைக் கொஞ்சம் அழுத்தியே வையுங்கள். அப்போது நான் குண்டு.

3

அடுத்து, ஆதிப்புள்ளியில் ஓர் ஆண்.

முதல் பிரதியில் வீரமுத்துவுக்கு ஆறடி உயரமும், தேர் வடம் மாதிரி மீசையும் கொடுத்தேன். படித்துப் பார்த்தால் ஆளே அடையாளம் தெரியவில்லை. (என் காது உயரம். மீசை இருந்ததாகச் சத்தியம் செய்ய முடியாது.) மூங்கில்துறைப்பட்டு சர்க்கரை ஆலையில் கரும்பு ஃபீல்டுமேன். சைக்கிளில் வயல் வயலாகப் போய்க் கரும்பு எவ்வளவு வளர்ந்திருக்கிறது என்று பார்த்து, அதைக் கட்டம் போட்ட தாளில் புள்ளி வைத்துக் கோடு இழுப்பார். கள்ளக்குறிச்சிப் பேப்பர் கடையில் கடைசியாக இருந்த ஒரு குயர் வரைபடத்தாளுக்காக நாங்கள் இருவரும் ஒரே நேரத்தில் கை நீட்டினோம். உலகப் போர் மூண்டது. (மூளவில்லை. பாதியை எனக்குக் கொடுத்தார்.)

அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமைதோறும் மலைக்கு வரும் பஸ்ஸில் ஒரு குயர் தாளோடு வந்து இறங்குவார். பஸ் திரும்பும்வரை பள்ளிக்கூட வாசற்படியில் பேசிக்கொண்டிருப்போம்.

"இன்னா டீச்சர், போன வாரத்துத் தாளு அதுக்குள்ள தீந்துடுச்சா?"

"பசங்க தப்புத் தப்பா புள்ளி வெக்கறாங்க. இன்னா பண்றது?"

"அவங்க தப்பு பண்ணா நான்ல மலையேற வேண்டியிருக்குது?"

"அப்ப ஒரேயடியா ஒரு மூட்டை வாங்கியாந்து போட்டுடுங்க ஃபீல்டுமேன் சார். ஒரு வருஷம் வர வேணாம்."

"ஐயய்யோ, கடையில ஒரு குயருக்கு மேல தர மாட்டேங்கறாங்க." *

* கடையில் நானே போய்ப் பார்த்தேன். பிற்பாடு தாள் வந்து கூரை வரை அடுக்கி வைத்திருந்தார்கள். இரண்டு பேரும் கமுக்கமாக இருந்துகொண்டோம். என் மாணவர்களும் அவ்வளவு தப்பாகப் புள்ளி வைத்ததில்லை.

ஒரு விஷயம் இங்கேயே சொல்லிவிட வேண்டும், பின்னால் தேவைப்படும். மலைக்கு இரண்டு வழி. ஒன்று, வளைந்து வளைந்து ஏறும் தார் ரோடு. மற்றது, பள்ளிக்குப் பின்னால் மூங்கில் காட்டுக்குள் இறங்கும் ஒற்றையடிப் பாதை. மலைக்காரர்கள் சாமை மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு அதில்தான் போவார்கள். பொன்னாயியோடு சேர்ந்து நானும் அதில் இறங்கப் பழகிவிட்டேன். வீரமுத்து அதன் பக்கம் எட்டிக்கூடப் பார்க்க மாட்டார். "அதுல பாம்பு இருக்கும் டீச்சர். பஸ்ல வந்தமா, பேசனமா, போனமானு இருக்கணும்."

4

மறியலுக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை பஸ் கிளம்பும்போது சொன்னார்.

"மஸ்கட்டுல ஒரு வேலை வந்திருக்குது. விசாவும் வந்துடுச்சு. அடுத்த ஞாயித்துக்கெழமை வரேன். இருங்கனு ஒரு வார்த்த சொன்னீங்கன்னா இருந்துடறேன். இல்லேன்னா அப்பிடியே கெளம்பிடறேன். வாரமெல்லாம் யோசிச்சு வெய்யுங்க."

யோசிக்க என்ன இருக்கிறது? ஒரு வார்த்தை. அதுவும் சின்ன வார்த்தை. வாயைத் திறப்பதற்குள் கண்டக்டர் விசில் ஊதிவிட்டார். நானும், ஏழு நாள்தானே, போகட்டும் என்று விட்டுவிட்டேன்.

புதன்கிழமை பஸ் வந்தது. வியாழக்கிழமையிலிருந்து வரவில்லை. கீழே மரங்களை வெட்டி ரோட்டின் குறுக்கே போட்டிருக்கிறார்கள், துப்பாக்கிச் சூடு நடந்ததாம் என்று செய்தி மட்டும் மலையேறி வந்தது. தபால் இல்லை. பேப்பர் இல்லை. பக்கத்து ஊர்ப் பிள்ளைகளை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அந்த அமைதியில் என் அறையில் பல்லி நடக்கிற சத்தம் இடி மாதிரி கேட்டது. (கேட்டது. இதில் மிகையே இல்லை.)

5

ஞாயிறு விடியலில் நான் கிளம்பினேன்.

பாத்திரத்தின் செயலுக்குக் காரணம் வேண்டும் என்பார்கள். இதோ: பஸ் இல்லை. பாம்புக்குப் பயந்த, சைக்கிள் மிதித்தே பழகிய ஆள் இவ்வளவு மலையை நடந்து ஏறுவாரா? நான் போய்ச் சொல்லிவிடுகிறேன். ஒருவேளை ஏறி வந்தாலும் தார் ரோட்டில்தான் வருவார், வழியிலேயே சொல்லிவிடலாம். அதனால் எனக்குப் பழகின ஒற்றையடிப் பாதையை விட்டுவிட்டுத் தார் ரோட்டில் இறங்கினேன்.

ஒரு வார்த்தையைச் சுமந்துகொண்டு அவ்வளவு தூரம் நடந்திருக்கிறீர்களா? ஒவ்வொரு வளைவிலும் அது கனத்துக்கொண்டே போனது. அடிவாரத்துக்கு வந்தபோது ஒரு டன் இருக்கும்.

அங்கே ஒரு புளியமரம் ரோட்டின் குறுக்கே விழுந்து கிடந்தது. அதன்மேல் இளவட்டங்கள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள்.

"இன்னாம்மா, எங்க போய்க்கினு இருக்கீங்க? ரோடு மறிச்சிருக்கோம்ல?"

"பஸ்ஸத்தான மறிச்சீங்க தம்பி. காலையுமா மறிப்பீங்க?"

சிரித்துவிட்டார்கள். "டேய் ராசு, டீச்சரம்மாக்கு அந்தக் கெளைய நகத்துடா," என்றான் ஒருவன். ராசு என்பவன் கிளையை ஒதுக்கிக் கை கொடுத்துத் தாண்டவிட்டான்.

"இந்த வழியா யாராச்சும் மலைக்குப் போனாங்களா தம்பி?"

"மேலயா? காத்தாலேந்து ஒரு நாய்கூடப் போவல."

அப்படியானால் வீட்டில்தான் இருப்பார். ஓடினேன். (குண்டாக இருந்ததால் வேகமாக நடந்தேன்.)

கச்சிராயபாளையத்தில் அவர் வீடு பூட்டியிருந்தது. பக்கத்து வீட்டு ரங்கம்மாள் முறத்தோடு வெளியே வந்தாள்.

"வீரமுத்துவா? விடியறதுக்கு முன்னயே பையத் தூக்கிக்கினு கெளம்பிடுச்சே அந்தப் புள்ள. பஸ்ஸு இல்லன்னா இன்னா, நடந்தாவது மெட்ராஸ் போய்ச் சேரணும்னு நேத்தெல்லாம் சொல்லிக்கினு கெடந்துது. நீ யாரும்மா?"

"நான்... கிராஃப் தாள் வாங்கலாம்னு வந்தேன்."

"கடையெல்லாம் மூடிக் கெடக்குதேம்மா," என்றாள் ரங்கம்மாள். என் முகத்தைப் பார்த்துவிட்டு ஒரு சொம்புத் தண்ணீர் கொடுத்தாள்.

அன்று இரவு அவள் வீட்டில் படுத்தேன். மறுநாள் நடந்தே தியாகதுருகத்தில் எங்கள் வீட்டுக்கு வந்தேன். அவர் வருவதாகச் சொன்ன நாளில் வராமலே போய்விட்டார். அதுதான் பதில் என்று எடுத்துக்கொண்டேன். நான் முன்பே கேட்டிருந்த மாறுதல் உத்தரவு அந்த மாதமே வந்தது. என் பெட்டியை யாரோ ஜீப்பில் கொண்டுவந்து போட்டார்கள். அதற்குப் பிறகு நான் மலையேறவில்லை.

6

மருந்துக்கடைக்கு மறுநாள் சுபலட்சுமி போனில் சொன்னது:

"அன்னைக்கி மத்தியானத்துக்கு மேல வந்தாருங்க. கையி காலெல்லாம் முள்ளு கீறி, தோள்ல பையோட. அம்மா கேட்டாங்களாம், ஏங்க ஒத்தையடிப் பாதையிலயா வந்தீங்கனு. டீச்சர் எறங்கி வந்தா இந்தப் பாதையிலதான வருவாங்க, அதான்னாராம். டீச்சர் விடியக்காலமே போயிட்டாங்க, எங்கனு சொல்லலனு அம்மா சொன்னதும் வாசப்படியிலயே உக்காந்துட்டாராம்."

"அப்புறம்?"

"தாளு ஒரு கட்டு குடுத்துட்டு, அந்தப் பக்கமா சேலம் வழியில எறங்கிப் போயிட்டாரு. பின்னால எப்பனாச்சும் ஒங்களப் பாத்திருப்பாருனு அம்மா நெனச்சிக்கினாங்க. அந்தத் தாள்ல எனக்குக் காத்தாடி செஞ்சு குடுத்தாங்க டீச்சர். கட்டங் கட்டமா இருக்கும்."

7

இப்போது தாளைப் பாருங்கள்.

அவர் கோடு கீழ் மூலையிலிருந்து மேலே ஏறுகிறது. என் கோடு உச்சியிலிருந்து கீழே இறங்குகிறது. ஒரே நாள், ஒரே காலை. எப்படி வரைந்தாலும், எவ்வளவு மெதுவாக நடக்கவைத்தாலும், நடுவில் உட்கார்ந்து இட்லி சாப்பிடவைத்தாலும், இரண்டு கோடும் வெட்டித்தான் ஆக வேண்டும். வெட்டாமல் வரைகிறவருக்கு என் பென்ஷனை எழுதி வைக்கிறேன்.

அந்தப் புள்ளியை நான் நூறு முறை வரைந்துவிட்டேன். அந்த நிமிஷம் இருவரும் அடிவாரத்திலிருந்து ஒரே தூரத்தில் இருந்தோம். நான் தார் ரோட்டில், அவர் மூங்கில் காட்டில். எனக்காக அவர் பாம்புப் பாதையில். அவருக்காக நான் பஸ் பாதையில். நடுவில் ஒரு மலைமுகடு. தாளில் அதற்கு இடம் கிடையாது. தாள் தட்டை.

ஒரு பிரதியில் அந்த இடத்தில் எனக்கு ஓர் இருமல் சத்தம் கேட்டதாக எழுதினேன். நின்று, காது கொடுத்து, "யாரது?" என்று — அடித்துவிட்டேன்.

(எதுவும் கேட்கவில்லை. வெயில் ஏறுகிறதே என்று புடவைத் தலைப்பைத் தலையில் போட்டுக்கொண்டேன். அவ்வளவுதான்.)

8

கதை இங்கே முடிந்திருந்தால் நான் எழுதியிருக்கவே மாட்டேன். சுபலட்சுமி இ-சேவை மையம் வைத்திருக்கிறாள். ஆதாரில் கைரேகை விழாத கிழவர்கள் எல்லோரும் அவளிடம்தான் வந்தாக வேண்டும். என்னிடம் பேரைக் கேட்டுக்கொண்டவள், நேற்று மறுபடி கூப்பிட்டாள்.

"டீச்சர், சிக்கிட்டாரு!"

"யாருடி?"

"ஒங்க வீரமுத்து. மஸ்கட்லேந்து வந்து எத்தினியோ வருஷமாவுதாம். கள்ளக்குறிச்சியிலயேதான் இருக்காரு, தனியா. அன்னைக்கி நீங்க கச்சிராயபாளையம் போனதச் சொன்னேன். அப்புறம் ஞாயித்துக்கெழமை வரேன், இருப்பாங்களானு மட்டும் கேட்டாரு. இன்னா சொல்லட்டும்?"

"பஸ் ஓடுதான்னு கேட்டுக்கினு வரச் சொல்லு," என்றேன். வேறு என்ன சொல்ல வந்தேன் என்று எனக்கே தெரியவில்லை.

நாளை ஞாயிறு. முடிவு எழுத உட்கார்ந்தேன்.

முதல் முடிவு: அவர் வருகிறார். மூட்டு வலி பற்றிப் பேசுகிறோம். — இதற்காகவா இவ்வளவு?

இரண்டாவது: அவர் வரவில்லை. — இதை எழுதும்போது பேனா தானாக நின்றுவிட்டது.

மூன்றாவது: எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. முதல் பஸ் பிடித்துப் பழைய ரோட்டில் கள்ளக்குறிச்சிக்குப் போகிறேன். அதே நேரம் அவர் பைபாஸில் தியாகதுருகத்துக்கு வந்துகொண்டிருக்கிறார். — சிரிக்காதீர்கள். இன்று மட்டும் இரண்டு முறை செருப்பு மாட்டிக்கொண்டு வாசல்வரை போய்விட்டேன்.

அதனால் அந்தச் செருப்பை எதிர்வீட்டு விஜயலட்சுமியிடம் கொடுத்துவிட்டு வந்திருக்கிறேன். நாளை சாயங்காலம் வரை நான் கெஞ்சினாலும் தரக் கூடாது என்று உத்தரவு. "இன்னாக்கா, பைத்தியம் புடிச்சிடுச்சா?" என்றாள். ஆமாம் என்றேன்.

வகுப்பில் நான் எத்தனையோ தடவை சொல்லிக்கொடுத்து, எனக்கென்று மட்டும் யோசிக்காத விஷயம் ஒன்று உண்டு. நகராதவளுக்கும் ஒரு கோடு இருக்கிறது. மேலேயும் ஏறாமல் கீழேயும் இறங்காமல், தாளின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம் வரை படுத்திருக்கும் கோடு. இத்தனை வருஷமும் அதைத்தான் வரைந்துகொண்டிருந்திருக்கிறேன், காத்திருப்பது என்று தெரியாமலே. பழைய ரோடோ, பைபாஸோ, பாம்புப் பாதையோ, என் வாசலுக்கு வருகிறவர் அந்தக் கோட்டைத் தொட்டுத்தான் ஆக வேண்டும்.

வந்தால்.

இரண்டாவது நாற்காலியில் கிடந்த பழைய பேப்பர்களை எடுத்துவிட்டேன். அடியில் அந்த நாற்காலி நீல நிறம். மறந்தே போயிருந்தது. கதவைத் திறந்து வைத்திருப்பேன். என் கோட்டைப் போட்டுவிட்டேன், அவர் கோட்டை நான் போட முடியாது. இந்தாருங்கள் பென்சில். ஸ்கேல் வைத்து இழுக்காதீர்கள், அவர் நேர் வழியில் வருகிறவர் இல்லை. நடுவில் எங்காவது நின்றால் அவசரப்படுத்தாதீர்கள், வயசாகிவிட்டது.

வாசற்படியில் வந்து நின்றதும் நான் என்ன சொல்வேன் என்று கேட்கிறீர்களா? பத்தாயிரம் வார்த்தை சொல்வேன்.

(இருங்க.)