குலசிங்கத்தின் பட்டினம்

என் தம்பியின் கூட்டாளி அபூதாஹிரிடம் நூற்றுப்பன்னிரண்டு கேம்போய் வீடியோ விளையாட்டுகள் இருந்தன. கட்டாரிலிருந்து கொண்டுவந்த சின்னக் கருவியில் விளையாட்டுக் கசெற்றைச் செருகினால், உள்ளே இருப்பது அப்படியே கணினிக்குள் போய்விடும். திருகோணமலையில் யாரிடம் பழைய கசெற் இருந்தாலும் தேடிப்போய்ப் பிரதி எடுத்தான். என்னிடம் இருந்தது ஒன்றே ஒன்று. அதுவும் தம்பி குலசிங்கத்தினுடையது.

தம்பி வெருகலுக்குப் போன இடத்தில் காணாமல்போய் எட்டு மாதம். அந்த விளையாட்டுக்குள் அவன் இரண்டு வருடமாகக் கட்டிய பட்டினம் இருந்தது: தெருக்கள், பாலங்கள், ஒரு துறைமுகம்.

“அண்ணன், கசெற் பழசாகுது. அவன் கட்டினது அழிஞ்சு போயிரும். ஒருக்காக் கொண்டுவாங்க,” என்று அபூதாஹிர் என் கடைக்கு வந்து கேட்டுக்கொண்டே இருந்தான்.

“பாப்பம்,” என்பேன். எனக்கு வயிறு எரியும். என்னோடு பத்துச் சொல் பேசாத தம்பி, அபூதாஹிர் வீடே கதியென்று கிடந்தவன். இப்போது பட்டினத்தையும் இவனுக்கே கொடுப்பதா?

மழைக்காலம் வந்ததும் ஈரத்தில் கசெற் கெட்டுவிடுமோ என்று எனக்குப் பயம் பிடித்தது. கொண்டுவருகிறேன் என்றேன்.

“அப்பிடியே கொண்டுவாங்க அண்ணன். கழட்டிப் போடாதீங்க.”

பதினைந்து வருடமாக றேடியோ திருத்துகிறவன் நான். நேற்று முளைத்தவன் எனக்குப் பாடம் எடுக்கிறான்!

அவன் இருந்த ஜமாலியாவுக்குப் போகும் வழியில் சென்றி என்கிற ஆமிக் காவலரண். பற்றறியோடு எதைக் கொண்டுபோனாலும் குண்டோ என்று ஆயிரம் கேள்வி. றேடியோவோ ரோர்ச்சோ, பற்றறியை வீட்டிலேயே கழற்றி வைத்துவிட்டுத்தான் நாங்கள் வெளிக்கிடுவோம். கசெற்றைத் திறந்தேன். உள்ளே பொத்தான் அளவில் ஒரு பற்றறி. ஈயம் உருக்கி எடுத்துவிட்டேன். ஆமிக்காரன் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுப் போகச்சொன்னான். என் புத்தியை நானே மெச்சிக்கொண்டேன்.

அபூதாஹிர் கசெற்றைச் செருகினான். திரையில் வெறும் பச்சை நிலம்.

“பற்றறியக் கழட்டினீங்களா?”

“ஓம். சென்றியில பிடிப்பாங்களெண்டு கழட்டினனான்.”

“அதுதான் அண்ணன் அவன் கட்டினதையெல்லாம் வைச்சிருந்தது.”

விளையாட்டுக்கு ஒன்றும் ஆகவில்லை. பட்டினம்தான் போய்விட்டது.

அபூதாஹிர் முகத்தைப் பொத்திக்கொண்டு வாய்விட்டு அழுதான். எட்டு மாதத்தில் நான் ஒரு நாளும் அப்படி அழுததில்லை. என்னால் பொறுக்க முடியவில்லை. கசெற்றைப் பிடுங்கி எடுத்தேன்.

“அழாதை,” என்று கத்தினேன். “அவன் என்ர தம்பி.”