கர்னலின் வண்டியை இழுத்தவர்கள்

கர்னல் ஆகஸ்டஸ் விட்கோம்ப் ஒழிந்தான் என்று கேள்விப்பட்ட அன்றைக்கு நான் ஒரு மடக்கு ரம் குடித்தேன். ஒழிந்தான் என்றால் செத்தான் என்று அர்த்தமில்லை. அந்தக் கொடுப்பினை எங்களுக்கு ஏது? பணி ஓய்வு. பல்லாரியை விட்டு அடுத்த மாதம் சீமைக்குக் கப்பல் ஏறுகிறான் என்று செய்தி. மரியாதை இல்லாமல் 'அவன்' என்கிறாளே என்று யாரும் முகம் சுளிக்க வேண்டாம். அவன் எதிரில் ஆயுசு முழுக்க 'சார்' போட்டாயிற்று. இப்போதாவது என் வாய் எனக்குச் சொந்தமாக இருக்கட்டும்.

நான் ஹன்னா கில்ராய். பட்டாளத்திலேயே பிறந்தவள். அப்பா டமாரம் அடிக்கிற சிப்பாய். எங்கள் அயர்லாந்தை நான் கண்ணால் கண்டதில்லை. கட்டிக்கொண்டதும் அதே பட்டாளத்து மைக் கில்ராயைத்தான். ஆகவே விட்கோம்பின் உத்தியோகம் முழுவதையும் ஆரம்பத்திலிருந்து பார்க்கிற பாவத்தைச் செய்திருக்கிறேன்.

மீசை முளைக்காத வயசில் வந்து சேர்ந்தான். முதல் பரேடில் வாளை உருவத் தெரியாமல் உறையோடு மல்லுக்கு நின்றான். அப்பனுக்கு ஊரில் கம்பளி வியாபாரம். அந்தக் காலத்தில் ஆபீசர் பதவியைக் காசு கொடுத்து வாங்கலாம், கடையில் ஆட்டுத்தொடை வாங்குவது போல. லெப்டினெண்ட் இடம் காலியானது, அப்பன் வாங்கினான். கேப்டன் இடம் காலியானது, அதையும் வாங்கினான். வாங்க வக்கில்லாத நல்ல ஆபீசர்கள் தலை நரைத்து லெப்டினெண்டாகவே குழிக்குள் போனார்கள். வடக்கே சீக்கியரோடு சண்டை வந்தபோது இவனுக்குக் காய்ச்சல் வந்தது. சண்டை ஓய்ந்த மறுநாள் காய்ச்சலும் ஓய்ந்தது. பதக்கம் மட்டும் எல்லோருக்கும் போல அவன் மார்பிலும் ஏறியது.

அவனுக்குப் பிடித்தமானது ஒன்றே ஒன்றுதான்: கழுத்துப்பட்டை. சிப்பாய்கள் கழுத்தில் மாட்டிக்கொள்கிற விறைத்த தோல் பட்டை. தலை குனியாமல் நிமிர்ந்து நிற்க வேண்டுமாம். சித்திரை வெயிலில், கம்பளிக் கோட்டுக்கு மேல் அதையும் இறுக்கிக்கொண்டு இரண்டு மைல் மாதா கோயிலுக்கு நடக்கச் சொல்வான். அவன் கேப்டனாக இருந்தபோது அப்படி ஒரு நடையில் டான் மர்ஃபி சுருண்டு விழுந்தான். பக்கத்தில் நடந்த என் மைக் குனிந்து அவன் பட்டையை அவிழ்த்துவிட்டான். உத்தரவில்லாமல் வரிசையை விட்டு நகர்ந்தான், உத்தரவில்லாமல் பட்டையை அவிழ்த்தான் என்று விட்கோம்ப் சாட்சி சொன்னான். டானைப் புதைத்த வாரத்தில் மைக்கை முக்கோணக் கட்டையில் கட்டிச் சாட்டையால் அடித்தார்கள். பட்டாளம் முழுவதும் நின்று பார்த்தது. நானும்தான் பார்த்தேன், வயிற்றில் நோராவோடு.

மைக் பிறகு வேறொரு கர்னலின் காலத்தில் சார்ஜண்ட் ஆனான், அதற்கும் மேலே கலர் சார்ஜண்ட் ஆனான். அந்த அடியைப் பற்றி ஒரு வார்த்தை பேசினதில்லை. பேசாதவர்களைக் கண்டால்தான் எனக்குப் பயம். நானெல்லாம் கத்தித் தீர்த்துவிடுவேன்.

அந்த நோரா வளர்ந்து டாம் ப்ரென்னன் என்ற சிப்பாயைக் கட்டிக்கொண்டாள். அதற்குள் கர்னலாகிவிட்ட விட்கோம்பிடம் அனுமதி கேட்டார்கள், கிடைக்கவில்லை. சரி போ என்று பாதிரியாரிடம் போய்க் கட்டிக்கொண்டார்கள். அங்கேதான் சங்கடம். பட்டாளத்தில் இரண்டு வகைப் பெண்டாட்டிகள் உண்டு. அனுமதியோடு வந்தவள் கணக்கில் சேர்ந்தவள். அவளுக்கு ரொட்டி உண்டு, ஜாகை உண்டு, பட்டாளம் ஊர் மாறினால் வண்டியிலும் கப்பலிலும் இடம் உண்டு. அனுமதியில்லாமல் வந்தவள் கணக்கில் சேராதவள். அவளுக்கு ஒன்றும் கிடையாது. பட்டாளம் போகும், அவள் பாதையோரம் நிற்பாள். அப்படி நின்றவர்கள் என்ன ஆனார்கள் என்று எனக்குத் தெரியும். பட்டாளச் சந்தைக்குப் பின்னால் இருக்கிற சாராயக் குடிசைகளில் தேடினால் கிடைப்பார்கள்.

இப்போது பட்டாளத்துக்கு ரங்கூன் போக உத்தரவு வந்துவிட்டது. நோராவுக்கோ மாசம் நெருங்கிக்கொண்டிருந்தது.

வெள்ளை ஏப்ரன் கட்டிக்கொண்டு நானே கர்னலிடம் போய் நின்றேன். மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து நகம் வெட்டிக்கொண்டிருந்தான்.

"கணக்கு நிறைஞ்சுபோச்சு, மிஸஸ் கில்ராய்."

"சார், சார்ஜண்ட் பைக்கோட சம்சாரம் போன மாசம் தவறிட்டா. அந்த இடம் காலியாத்தானே இருக்கு?"

"காலியா இருக்கு. காலியா இருந்தா நிரப்பித்தான் ஆகணும்னு எங்கேயும் சட்டம் இல்லியே."

"புள்ளத்தாச்சி சார் அது. இங்க யாருமில்லாம விட்டுட்டுப் போனா…"

"அனுமதி இல்லாம கட்டிக்கிட்டப்போ அந்த யோசனை இருந்திருக்கணும். போகலாம் நீங்க."

நகம் வெட்டுவதை ஒரு நிமிஷம்கூட நிறுத்தவில்லை. என் வயிறு எரிந்த எரிச்சலில் அவன் பங்களா பற்றிக்கொண்டிருக்க வேண்டும்.

விஷயம் சார்ஜண்டுகள் காதுக்குப் போனது. அவர்கள் ஏற்கெனவே ஒரு முடிவில் இருந்தார்கள். இது எண்ணெய் வார்த்தது. எங்களிடம் ஒரு பழக்கம் உண்டு. விடைபெறுகிற கர்னல் பிடித்தமானவராக இருந்தால் அவர் சாரட்டிலிருந்து குதிரைகளை அவிழ்த்துவிட்டு, சார்ஜண்டுகளே கயிறு கட்டி, பரேடு மைதானம் வழியாகக் கண்டோன்மெண்ட் வாசல்வரை இழுத்துக்கொண்டுபோய் விடுவார்கள். இதற்கு உத்தரவு போடக்கூடாது. தானாக வந்து கயிற்றைப் பிடிக்க வேண்டும். அதில்தான் பெருமையே. முந்தைய கர்னலை அழுதுகொண்டே இழுத்தார்கள். விட்கோம்புக்கும் அந்த ஆசை இருந்தது. மதராஸிலிருந்து ஜெனரலையே வழியனுப்ப வரவழைத்திருந்தான்.

"கயிறா? தரேன் கயிறு. கழுத்துல மாட்டிக்கச் சொல்லு," என்றான் பைக், கேண்டீனில் எல்லோர் எதிரிலும். "நான் தொடமாட்டேன். தொடுறவன் கையில குஷ்டம் வரட்டும்." அத்தனை பேரும் கோப்பையைத் தட்டி ஆமோதித்தார்கள். மைக் தட்டவில்லை; தலையை மட்டும் ஆட்டினான். அது போதும், கலர் சார்ஜண்ட் தலையாட்டினால் பட்டாளமே தலையாட்டின மாதிரி.

புறப்பாட்டுக்கு முதல் நாள் காலை நான் சட்டைகளுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தபோது அட்ஜுடண்ட் கேப்டன் லைல் வந்தார். கர்னலின் உத்தரவுகளை எழுதுகிறவர், பட்டாளத்தை உண்மையில் நடத்துகிறவர். கெட்டவரில்லை, ஆனால் தன் காரியத்தில் கண்ணானவர். ஜெனரலிடம் ஒரு நல்ல வேலைக்குக் காத்திருந்தார்.

"மிஸஸ் கில்ராய், நாளைக்குக் கயித்தைப் பிடிக்க ஆள் இல்லேன்னு கேள்விப்பட்டேன்."

"நானும் கேள்விப்பட்டேன் சார். ரொம்ப வருத்தமா இருக்கு."

"விளையாடாதீங்க. ஜெனரல் முன்னாடி வண்டி அப்படியே நின்னா பட்டாளத்துக்கே அசிங்கம். எனக்கும்."

"கர்னலுக்குன்னு சொல்ல மாட்டேங்கிறீங்களே."

அவர் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுக் குரலைத் தணித்தார். "நாளைக்குக் காலையில அவர் கடைசி உத்தரவுகள்ல கையெழுத்துப் போடுவார். நான் நீட்டுறதைப் படிக்கிற வழக்கம் அவருக்குக் கிடையாது. நோரா ப்ரென்னனைக் கணக்குல சேர்த்ததா ஒரு வரி நடுவுல இருக்கும். வண்டி வாசல் தாண்டினதும் சாயங்காலம் வாசிப்பேன். தாண்டலேன்னா கிழிச்சுப் போடுவேன்."

இஸ்திரிப் பெட்டி சட்டை மேலேயே நின்றுவிட்டது. சட்டை தீய்ந்த வாசனை வந்த பிறகுதான் எடுத்தேன்.

"இன்னொண்ணு. இது வெளியே தெரிஞ்சா என் வேலையும் போகும், உங்க பொண்ணு இடமும் போகும். அவகிட்டகூட மூச்சு விடக்கூடாது," என்று சொல்லிவிட்டுப் போனார்.

விட்கோம்பை எவ்வளவு வெறுத்தேன் என்று எனக்குத்தான் தெரியும். அவன் மானம் சிரிப்பாய்ச் சிரிப்பதைப் பார்க்க ஊரே காத்திருக்கிறது. ஜெனரல் பார்த்துக்கொண்டிருக்க, குதிரையில்லாத வண்டியில், வெயிலில் அவன் உட்கார்ந்திருக்கிற காட்சியை நான் வாரக்கணக்காக மனசுக்குள் தின்றுகொண்டிருந்தேன். அதை என் கையாலேயே தட்டிவிட வேண்டும். மகள் வேண்டுமா, அவன் அவமானம் வேண்டுமா என்றால் கேள்வியே இல்லை. ஆனால் கயிற்றை இழுக்கப்போவது நான் இல்லையே.

மைக் சாப்பிட வந்தான். கறிக்குழம்பை ஊற்றிவிட்டு எதிரில் உட்கார்ந்து சொன்னேன். கடைசிவரை கேட்டான். ரொட்டியைப் பிட்டான், வாயில் போடவில்லை.

"என்னைத்தான் கேக்கிறியா, ஹன்னா?"

"உன்னைத்தான். நீ பிடிச்சா மத்தவங்க பிடிப்பாங்க."

"அவனைக் குதிரை மாதிரி நான் இழுக்கணும்."

"நோராவை இழுக்கிறேன்னு நெனச்சுக்கோ."

"அப்படியெல்லாம் நெனச்சுக்க வராது எனக்கு. இழுத்தா அவனைத்தான் இழுப்பேன்." பிட்ட ரொட்டியைத் தட்டில் வைத்தான். "நீ கேட்டிருக்கக் கூடாதுடி. நான் முடியாதுன்னு சொல்ல முடியாதுன்னு தெரிஞ்சே கேட்டுட்ட."

எழுந்து வெளியே போனான். நேராக பைக்கிடம் போய், "நான் கயித்தைப் பிடிக்கப்போறேன், என்னோட வரியா?" என்று கேட்டிருக்கிறான். காரணம் சொல்லவில்லை. பைக் என்னிடம் ஓடி வந்தான். "உன் புருஷனுக்கு வெயில் தலைக்கேறிடுச்சா? வாங்கின அடி மறந்துபோச்சா?" என்று கத்தினான். நான் அவனை முறைத்து, "உனக்கென்ன, கூப்பிட்டா போ. அவன் உனக்கு எத்தனை தரம் உதவிருக்கான்?" என்றேன். அவன் காறித் துப்பினான். ஆனாலும் போனான். மைக் கூப்பிட்டு இதுவரை யாரும் வராமல் இருந்ததில்லை.

மறுநாள் காலை மைதானத்தில் பட்டாளம் நின்றது. குதிரைகளை ஏற்கெனவே அவிழ்த்து வாசலுக்கு அனுப்பிவிட்டான் விட்கோம்ப், கயிற்றைப் பிடிக்க ஆள் இருக்கிறதா என்று கேட்காமலே. தன்னை எல்லோரும் நேசிக்கிறார்கள் என்று அவனுக்கு அவ்வளவு நிச்சயம். சாரட்டில் ஏறி உட்கார்ந்தான். கயிறு மண்ணில் கிடந்தது. ஒருவரும் அசையவில்லை. ஜெனரல் கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தார். லைல் என்னைப் பார்த்தார். ஐயோ, மைக் மனம் மாறிவிட்டான் என்று ஒரு பக்கம் உயிர் போனது. இன்னொரு பக்கம், கடவுளே மன்னிக்கட்டும், அப்படியே நில்லுடா ராஜா என்று தோன்றியது.

மைக் வரிசையிலிருந்து வெளியே வந்தான். குனிந்து கயிற்றை எடுத்துத் தோளில் போட்டான். பைக் வந்தான், பிறகு ஒவ்வொருவராக வந்தார்கள். வண்டி நகர்ந்தது. "கர்னல் விட்கோம்புக்கு" என்று லைல் குரல் கொடுத்தார், பட்டாளம் மூன்று தரம் வாழ்த்துக் கூவியது. பெண்கள் பக்கத்தில் நோரா தன் பெரிய வயிற்றோடு சும்மா நின்றாள். நான் கூவினேன். தொண்டை கிழியக் கூவினேன்.

வாசலில் வண்டி நின்றதும் அவன் இறங்கினான். அழுதுகொண்டிருந்தான். நடிப்பில்லை; மூக்கு ஒழுக, தாடை நடுங்க, நிஜமாகவே அழுதான். மைக்கின் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான்.

"கில்ராய்! மனசுல ஒண்ணும் வெச்சுக்கலியே நீ. எனக்குத் தெரியும். எல்லாம் உங்க நல்லதுக்குத்தான் செஞ்சேன். நீ புரிஞ்சுக்கிட்ட."

"ஆமா சார்," என்றான் மைக்.

"என் வாழ்நாள்ல ஒரு கர்னலை ஆட்கள் இவ்வளவு நேசிச்சு நான் பார்த்ததில்லை," என்று ஜெனரல் எல்லோருக்கும் கேட்கச் சொன்னார். பாவி, சந்தோஷமாகப் போய்ச் சேர்ந்தான். அவன் ஊரில் அடுப்பங்கரை நாற்காலியில் உட்கார்ந்து சாகிறவரை இந்தக் கதையைத்தான் சொல்லிக்கொண்டிருந்திருப்பான். அவனைத் திட்டுவதற்கு வாய் நமநமத்தது. பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். லைல் இன்னும் வாசிக்கவில்லை.

சாயங்காலம் வாசித்தார். நோரா ஓடி வந்து என்னைக் கட்டிக்கொண்டாள். "அம்மா, கடைசி நாள்ல கர்னல் மனசு எறங்கிட்டார்ம்மா! நீ அவரை எவ்வளவு திட்டினே!" மைக் மூலையில் உட்கார்ந்து பூட்ஸுக்கு மெருகு போட்டுக்கொண்டிருந்தான். நிமிரவில்லை. நானும் வாயைத் திறக்கவில்லை.

கப்பலில் பேரன் பிறந்தான். ரங்கூனில் இறங்கியதும் ஞானஸ்நானம். பாதிரியார் பெயரைக் கேட்டார். நோரா என் பக்கம் திரும்பி, ஏதோ எனக்குப் பெரிய பரிசு கொடுக்கிற மாதிரி சிரித்துவிட்டுச் சொன்னாள்: "ஆகஸ்டஸ் விட்கோம்ப் ப்ரென்னன்."

பாதிரியார் தண்ணீரை ஊற்றினார். குழந்தையை ஏந்திக்கொண்டிருந்தவன் மைக். ஈரத் தலையைத் தன் சட்டைக்கையால் துடைத்துவிட்டு, குழந்தையை என்னிடம் நீட்டினான்.

"இந்தா," என்றான். "நீ கேட்டது."