கூலிக்காரன் கொண்டுவந்த சீர்

என் புருஷன் பிரதீப் கூலிக்காரனாம். கோர்ட்டில் சத்தியம் பண்ணி எழுதிக் கொடுத்திருந்தான். மலையில் இருக்கும் ஏலத்தோட்டம் அவன் அப்பா பெயரில் இருக்கிறதாம், அதில் இவன் தினக்கூலிக்கு மருந்தடிக்கிறானாம். நான் போடியில் ஏலக்காய் தரம் பிரிக்கிற வேலைக்குப் போகிறேனாம், அதனால் எனக்கு ஜீவனாம்சமே தேவையில்லையாம். கேட்கக் கேட்க எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவனோடு பத்து வருஷத்துக்கு மேல் குடும்பம் நடத்தியவள் நான். மருந்து டிரம்மை அவன் தொட்டுக்கூடப் பார்த்ததில்லை. குடித்துவிட்டு வந்தால் என்னை அடிக்க மட்டும் கை நீளும்.

விவாகரத்துக் கேட்டு வழக்குப் போட்டதும் அவன்தான். "கேஸ் முடியிற வரைக்கும் நீயும் பிள்ளையும் காத்தையா குடிப்பீங்க? இந்து திருமணச் சட்டத்துலயே அதுக்கு வழி இருக்கு" என்று இடைக்கால ஜீவனாம்சத்துக்கு மனுப் போட்டவர் என் வக்கீல் பொற்கொடி அக்கா.

அது கிடைக்காவிட்டால் என் கதி என்ன என்பதை அண்ணன் உக்கிரபாண்டி முன்பே சொல்லிவிட்டான். போடிக்குப் பக்கத்தில் சிலமலை ஊரில் அவன் வீட்டில்தான் நானும் என் மகளும் ஒண்டிக்கொண்டிருந்தோம். "நானும் எம்புட்டு நாளைக்குத் தாயி பாக்க முடியும்? மனு தள்ளுபடியாச்சுன்னா பேசாம மாப்ள கூட மலைக்குப் போயிரு." அண்ணனைக் குறை சொல்ல முடியாது, அவன் பாடே பெரும்பாடு. ஆனால் அந்த வீட்டுக்குத் திரும்பிப் போய் மறுபடி அடி வாங்க நான் தயாராக இல்லை.

விசாரணைக்கு முந்தின வாரம் வேலைக்குப் போகிற வழியில், பஸ் ஸ்டாண்டுப் பக்கம் ஒரு பிளக்ஸ் போர்டைப் பார்த்தேன். அவன் அக்கா அருணாவின் மகள் வயசுக்கு வந்ததற்கு ராசிங்காபுரத்தில் சடங்கு. நம்ம கூலிக்காரர் கறுப்புக் கண்ணாடி மாட்டிக்கொண்டு ஜீப்பில் சாய்ந்து நிற்கிறார். கீழே பெரிய எழுத்தில் 'தாய்மாமன், ஏலத்தோட்ட அதிபர்'. அட கூறுகெட்ட மனுசா! நின்ற இடத்திலேயே போட்டோ எடுத்துப் பொற்கொடி அக்காவுக்கு அனுப்பினேன். சடங்கன்று டிராக்டரில் சீர் வந்ததையும், பீரோ, கட்டில், ஸ்கூட்டி, மாலை போட்ட கிடா என்று மைக்கில் வாசித்ததையும் யாரோ வீடியோ எடுத்து ஊருக்கே அனுப்பியிருந்தார்கள். பொற்கொடி அக்கா அதையும் சேர்த்துக் கோர்ட்டில் கொடுத்தார்.

ஜட்ஜம்மா பார்த்துவிட்டுச் சிரித்தார். "பிளக்ஸ்ல என்ன வேணும்னாலும் போடுவாங்கம்மா. எங்க தெருவுல எல்லாருமே அதிபர்தான்."

அவனுடைய வக்கீல் உடனே எழுந்தார். "சீரெல்லாம் அவங்க அப்பா வாங்கிக் கொடுத்ததும்மா. இவர் சும்மா பேருக்குத்தான் முன்னாடி நடந்து வந்தார், அவ்வளவுதான்."

போச்சு, எல்லாம் போச்சு என்று திரும்பினால், கடைசி பெஞ்சில் அருணாவின் புருஷனும் அவன் பங்காளிகளும் வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள். பிரதீப்புக்குத் துணைக்கு வந்தவர்கள். நான் பொற்கொடி அக்காவின் காதில் சொன்னேன்: "அக்கா, சீரு அவங்கப்பன் காசான்னு அவனையே கேக்கச் சொல்லுங்க. சம்பந்தக்காரவுக உக்காந்திருக்காக."

அக்கா ஒரு நொடி என்னைப் பார்த்தார். பிறகு எழுந்து, அதை அவனிடமே கேட்கும்படி ஜட்ஜம்மாவிடம் சொன்னார். ஜட்ஜம்மாவும் அவனை முன்னால் கூப்பிட்டு, "நீங்களே சொல்லுங்க. அந்தச் சீர் உங்க அப்பா செஞ்சதா?" என்றார்.

ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் தப்பித்தான். ஆனால் தன் அக்கா வீட்டு ஆட்களை வைத்துக்கொண்டு, தாய்மாமன் சீரை நான் செய்யவில்லை என்று எந்த ஆம்பளை சொல்வான்? அவன் பின்னால் ஒருதரம் திரும்பிப் பார்த்தான். முகம் சிவந்துவிட்டது.

"யாரு சொன்னா? எங்கக்கா மகளுக்கு அடுத்தவன் காசுல அஞ்சு பைசா செய்யலம்மா. தோட்டத்துக் காயி பூராத்தையும் நான்தான் லோடு ஏத்தி விக்கிறேன். வர்ற காசும் என் கைலதான். அப்பா கையெழுத்துப் போடுறதோட சரி."

அவனுடைய வக்கீல் நெற்றியில் கை வைத்துக்கொண்டார்.

"அப்ப இந்தக் கூலி?" என்று ஜட்ஜம்மா அவன் எழுதிக் கொடுத்ததைத் தூக்கிக் காட்டினார்.

மதியத்துக்கு மேல் உத்தரவு வந்தது. மனைவி ஏதோ வேலைக்குப் போகிறாள் என்பதற்காக ஜீவனாம்சம் கிடையாது என்று சொல்ல முடியாது, புருஷன் வீட்டில் என்ன வசதியோடு இருந்தாளோ அதற்குத் தக்கபடி அவளும் பிள்ளையும் இருக்க வேண்டும் என்றார். அவனுக்கு நிஜமாக என்ன வசதி, அவன் தாய் தகப்பனுக்கு என்ன செலவு, என் சம்பளம் எதற்குக் காணும், எல்லாவற்றையும் பார்த்துத்தான் தொகையைச் சொன்னார். நாங்கள் கேட்டதில் முக்கால்வாசி. அதுவும் மனுப் போட்ட நாளிலிருந்து. அப்பாடா!

வெளியே அண்ணன் என் முகத்தைப் பார்க்கக் கூசிக்கொண்டு நின்றான். "நான் சொன்னத மனசுல வச்சுக்கிறாத தாயி."

"போண்ணே. இனி போடியிலயே ஒரு வீடு பாத்துக் குடு. அதுக்கு முன்னாடி ஒரு டீ வாங்கிக் குடு, நாக்கு வறண்டு கெடக்கு" என்றேன். ரெண்டு பேருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

பள்ளிக்கூடம் விடும் நேரத்துக்கு மகளைக் கூப்பிடப் போனேன். கேட்டுக்கு வெளியே வந்தவள் என்னை அண்ணாந்து பார்த்தாள். வீட்டில் பெரியவர்கள் பேசியதெல்லாம் அவள் காதிலும் விழுந்திருந்தது என்று எனக்குத் தெரியாது.

"எப்பம்மா மலைக்குப் போறோம்?"

"போகலடி. இனிமே போகவே வேணாம். இங்கதான்."

"நெசமாவா?"

"நெசமாத்தான்."

அவள் முதுகுப் பையைக் கழற்றி என் கையில் திணித்தாள். "இரும்மா, வெரசா வந்துர்றேன். கலர் பென்சில் டப்பாவ பக்கத்து சீட்டுப் பிள்ளைக்குக் குடுத்துட்டேன், நான் இனி வரமாட்டேன்னு சொல்லி. போயி திருப்பி வாங்கிட்டு வந்துர்றேன்" என்று சொல்லிக்கொண்டே திரும்பப் பள்ளிக்கூடத்துக்குள் ஓடினாள்.