குடை விரிக்காத காளான்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை ஒரு காளானை மிதித்ததில் பிறந்தது. சிறுமலை அடிவாரத்தில், நல்ல மழை பெய்து சில நாள் கழித்து, கோழிமுட்டை அளவில் ஏதோ உருண்டையாகக் கிடந்தது. மிதித்தேன். பொசுக்கென்று பழுப்புப் புகை கிளம்பி என் வெள்ளை வேட்டியின் மானத்தை வாங்கிவிட்டது. வேட்டியைச் சலவைக்குப் போட்டபோது வீட்டில் எனக்கு நடந்த அர்ச்சனை தனி.

அப்புறம் விசாரித்தேன். நாம் அறிந்த காளான்கள் குடை விரித்து, குடைக்கு அடியில் வித்துத்தூளைப் பழுக்க வைத்து உதிர்க்கின்றன. இந்த உருண்டைச் சாதி குடையே விரிப்பதில்லை. எல்லா வேலையையும் மூடிய தோலுக்குள்ளேயே முடித்துக்கொள்கிறது. இளசாக இருக்கும்போது உள்ளே தயிர்க்கட்டி போல வெள்ளை. பிறகு மஞ்சள், பிறகு பச்சைக் குழம்பு, கடைசியில் தூள். வெளியே மட்டும் முகம் மாறுவதில்லை. [எனக்குத் தெரிந்த இரண்டு பேரின் பெயரை இங்கே எழுதி அடித்துவிட்டேன்.]

இப்படி ஒரு சங்கதி கையில் கிடைத்தால் சோகக் கதைதான் எழுத வேண்டும் என்று பட்டது. ஒரு பெண், ஒரு கல்யாணச் சமையல், ஒரு கூடை காளான், ஊர் முன்னால் ஓர் அவமானம். தோல்வியில் முடிகிற கதைக்கு நம் இலக்கியக்காரர்களிடம் தனி மரியாதை உண்டு. அந்தச் சபலத்தில்தான் உட்கார்ந்தேன்.

2

முதல் தொடக்கம்: "கருமேகங்கள் சிறுமலையின் சிகரத்தை முத்தமிட, நாகல் நகரின் வீதிகளில்—"

வேண்டாம். மேகம் மலையை முத்தமிட்டு நான் பார்த்ததில்லை.

இரண்டாம் தொடக்கம்: "சர்புன்னிசா பாவம்—"

இங்கே பேனா நின்றுவிட்டது. அவளைப் பாவம் என்று சொல்ல நான் யார்? கைவீசி நடக்கிறவள், வாயைத் திறந்தால் தெரு முனை வரை கேட்கிறவள்.

மூன்றாவது தொடக்கம், இது நிற்கும்: 1958, புரட்டாசி மாதம். நாகல் நகரில் தோல் வியாபாரி ஜெகபர் அலி வீட்டில் மூத்த மகளுக்கு நிக்காஹ். பந்தலுக்குப் பின்னால் சமையற்காரர் பக்ருதீன் பண்டாரியின் தேக்சாக்கள், பெரிய பிரியாணி அண்டாக்கள், அடுப்பேறும். ஆனால் சித்தையன்கோட்டைப் பக்கமிருந்து சோலைமலையும் அவர் சனங்களும் வருகிறார்கள். தோல் பதனிட ஆவாரம்பட்டை கொடுக்கிற பழக்கம், சொந்தம் மாதிரி. புரட்டாசி முழுக்கக் கவுச்சி தொடமாட்டார்கள். அவர்களுக்கென்று தனி அடுப்பு, தனிப் பாத்திரம், தனிக் கரண்டி. அந்த அடுப்பு, கல்யாண வீடுகளில் சமையல் வேலை பார்க்கிற சர்புன்னிசாவுக்கு.

அவளுக்கு அது போதவில்லை. அவளுக்கு வேண்டியது தேக்சா. திண்டுக்கல்லில் அதுவரை எந்தப் பெண்ணும் கல்யாணத் தேக்சாவுக்குப் பொறுப்பேற்றதில்லை என்று பக்ருதீன் சொல்வார்.* ஜெகபர் அலியிடம் நேரே போய்க் கேட்டாள். அவர் தாடியைத் தடவிக்கொண்டு சொன்னார்:

"சோலைமலை சனம் வகுறும் மனசும் நெறஞ்சு எந்திரிக்கட்டும்மா. அடுத்த மக கல்யாணத்துக்குத் தேக்சாவ ஒன் கையில தாரேன். ஒரு குத்தச் சொல் வந்துச்சுன்னா இதோட விட்ரணும்."

"விட்ருதேண்ணே. ஆனா வராது" என்றாள்.

* பக்ருதீன் சொல்வது முழுக்க உண்மையா என்று எனக்குத் தெரியாது. தனக்குச் சாதகமானதை அவர் சற்று உரக்கச் சொல்கிற ஆள்.

3

கல்யாணத்துக்கு முதல் நாள் காலையில் ஒச்சம்மாள் கூடையோடு வந்தாள். ஆத்தூர்ப் பக்கத்துத் தோட்டக்காரி. கூடை நிறைய உருண்டைக் காளான். ஒன்றை அறுத்துக் காட்டினாள்; உள்ளே பால் வெள்ளை. சர்புன்னிசா ஒரு துண்டை அங்கேயே மிளகு போட்டு வதக்கி வாயில் வைத்தாள். கத்திரிக்காய்க்கும் வாழைக்காய்க்கும் பழகிய நாக்குக்கு இது போதும், நாளை ஊர் பேசும் என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது.

கூடையை ஈரச் சாக்கு போட்டு மூடி, அடுப்படி மூலையில் வைத்தாள்.

அவள் செய்த பிழை இதுதான். காளான் சமைக்கிறவர்களுக்கு ஒரு கணக்கு உண்டு: மொட்டாக இருந்தால் புதுசு, குடை விரிந்தால் பழசு. இதற்குக் குடையே இல்லை. ஆகவே எப்போதும் மொட்டு, எப்போதும் புதுசு. கணக்கு எவ்வளவு சுத்தமாக இருக்கிறது பாருங்கள். பறித்த அன்றே அறுத்துத் தின்று பழகிய ஒச்சம்மாளும் எதுவும் சொல்லவில்லை. மறுநாள் வரை வைத்திருந்து தின்பார்கள் என்று அவளுக்கு எப்படித் தோன்றும்?

4

மறுநாள் காலை பக்ருதீன் வந்து சாக்கை விலக்கினார்.

"என்னத்தா இது, கோழி முட்டையா? புரட்டாசிக்காரவுகளுக்கு முட்டையா வைக்கப்போற?"

சும்மா இருக்க மாட்டாமல் ஒன்றை எடுத்து அமுக்கினார். தோல் பிதுங்கி, மஞ்சளும் பச்சையுமாக ஒரு குழம்பு அவர் விரலிடுக்கில் வழிந்தது. வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த பெண்கள் முகத்தைச் சுளித்தார்கள், பிறகு சிரித்தார்கள்.

சர்புன்னிசாவுக்கு அவமானத்தில் காது சூடேறியது. கத்தியை எடுத்து உட்கார்ந்தாள். ஒவ்வொன்றாக இரண்டாகப் பிளந்தாள். பெரியதெல்லாம் உள்ளே மஞ்சள். சிறியதில் மட்டும் இன்னும் வெள்ளை. வெள்ளையைத் தண்ணீர்ச் சட்டியில் போட்டாள். மற்றதைத் தள்ளிவைத்தாள். தள்ளிவைத்த குவியல்தான் பெரிது.

[இங்கே நான் உள்ளே நுழைந்தேன். சோகக் கதைக்கு இதைவிட நல்ல இடம் கிடைக்காது. பக்ருதீன் வாயில் ஒரு வசனத்தைப் போட்டேன்.]

"லேசா மஞ்சளானதையும் சேத்துப் போட்ரு. மசாலாக்குள்ள யாருக்குத் தெரியப்போகுது?"

அவள் சேர்ப்பாள், விருந்தாளிகளுக்கு வயிறு கெடும், பந்தல் கலையும். நான் பக்கம் பக்கமாக எழுதத் தயாராக இருந்தேன்.

"நம்பி வர்ற சனம் மாமு" என்றாள் சர்புன்னிசா. மஞ்சள் குவியலைக் கூடையோடு தூக்கிக்கொண்டு போய்க் கொல்லைக் குழியில் கவிழ்த்தாள். மண்ணையும் தள்ளிவிட்டாள்.

நான் எழுதிய பக்கத்தைக் கிழித்தேன்.

5

இரண்டாவது முயற்சி: இருக்கிற காளான் போதாமல் பந்தியில் மூக்கறுபடுவாள் என்று எழுத ஆரம்பித்தேன். அவள் அதற்குள் கத்திரிக்காய்க் குழம்பைக் கூட்டிவிட்டாள், பருப்பை இறக்கிவிட்டாள். காளானைச் சின்ன வெங்காயம், சிறுமலை மிளகு, நல்லெண்ணெய் போட்டுச் சுருள வதக்கி, இலைக்கு ஒரே கரண்டி என்று வைத்துக்கொண்டாள். கல்யாணத்தில் தொட்டுக்கொள்ளும் வெஞ்சனத்தை இப்படிக் கணக்குப் பார்த்து வைக்கிற துணிச்சல் எனக்கு வராது.

மூன்றாவது முயற்சி என்னுடையது அல்ல. சத்தியமாக. அது தானாகவே வந்தது.

சோலைமலை முதல் வாய் காளானை மென்றார். மெல்லுவதை நிறுத்தினார். பக்கத்து இலைக்காரரைப் பார்த்தார். கையை உதறிக்கொண்டு எழுந்துவிட்டார்.

"ராவுத்தரே! புரட்டாசியில கறியப் போட்டுட்டீகளே!"

வரிசை முழுக்கக் கைகள் நின்றன. ஜெகபர் அலிக்கு முகம் வெளுத்துவிட்டது. கால காலமான பழக்கம், மகள் கல்யாணம், விரதத்தைக் கெடுத்த பழி. தேக்சா பக்கமிருந்து பக்ருதீன் எட்டிப் பார்த்தார்.

நான் பேனாவைக் கீழே வைத்துவிட்டேன். எனக்கே பயமாக இருந்தது.

சர்புன்னிசா தலைமுக்காட்டை இழுத்துச் செருகிக்கொண்டு ஆண்கள் பந்திக்குள் வந்தாள். கையில் ஒரு தட்டு. அதில் வதக்காமல் மிச்சமிருந்த ஒரே ஒரு பாதிக் காளான்.

"அண்ணே, வதக்காத பச்சைக் காளான், பாருங்க. வெள்ளை வெளேர்னு. கறின்னா நரம்பு எங்க? ரத்தம் எங்க? மோந்து பாருங்க, மழை வாடைதான் வரும்."

சோலைமலை முகர்ந்தார். விரலால் அழுத்தினார். உருட்டிப் பார்த்தார்.

"ஏலே, இது நம்ம வரப்புல கெடக்குற உருண்டையில்ல? இதையா இப்படி ஆக்குன?"

"இதைத்தான்ணே. இனி கறியின்னு சொன்னா எனக்குக் கோவம் வந்துரும்."

அவர் உட்கார்ந்தார். இலையைத் துடைத்த மாதிரி தின்றார். "தாயி, இன்னொரு கரண்டி வையி."

"அம்புட்டுத்தான்ணே."

"கொஞ்சூண்டு வையி தாயி!"

"இருந்தா வைக்க மாட்டனா? அம்புட்டுத்தான்."

இல்லை என்றதுதான் தாமதம், பந்தி அதையே பிடித்துக்கொண்டது. கறியை மிஞ்சிய காளானாம் என்ற பேச்சு பிரியாணிப் பந்திக்கு ஓடியது. மாப்பிள்ளை வீட்டு ஆட்கள் பாதி பிரியாணியோடு எழுந்துவந்து சைவப் பந்தியில் எட்டிப் பார்த்தார்கள். வழித்த சட்டியைச் சோறு போட்டுப் பிசைந்து ஜெகபர் அலியே ஒரு வாய் தின்றார். கண்ணில் தண்ணீர் நின்றது. மிளகுக் காரம் என்று சொன்னார், யாரும் நம்பவில்லை.

6

முடிவுக்கு மூன்று வரைவு வைத்திருக்கிறேன்.

(அ) ஜெகபர் அலி பந்தல் நடுவில் நின்று, "சின்னவ கல்யாணத் தேக்சா சர்புன்னிசாவுக்கு" என்று அறிவிக்கிறார். நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் கொடுக்கிற கை அவருடையதாகிவிடுகிறது.

(ஆ) அவளே பக்ருதீனின் கிளறும் துடுப்பைப் பிடுங்குகிறாள். கைதட்டல் கிடைக்கும். ஆனால் அவள் பிடுங்குகிறவள் அல்ல, கேட்டு வாங்குகிறவள்.

(இ) பந்தி ஓய்ந்த பிறகு பக்ருதீன் தாமாகவே வருகிறார். தேக்சா கிளறுகிற நீளத் துடுப்பை அவள் அடுப்பருகே சாத்திவைக்கிறார். வேறு பக்கம் பார்த்துக்கொண்டு கேட்கிறார்: "சின்னவ கல்யாணத்தன்னைக்கு நான் வந்து பக்கத்துல நிக்கவா? அடுப்புக்கு வெறகு தள்ள ஒரு ஆளு வேணுமில்ல?"

இதுதான் நடந்தது என்று நினைக்கிறேன். அவள் துடுப்பை எடுத்துக் கனம் பார்த்தாள். ஒரு பக்கமிருந்து மறுபக்கம் திருப்பினாள். அவள் முகத்தில் வந்த சிரிப்பை விவரித்து எழுதி எழுதி அடித்தேன். எந்தச் சொல்லும் அதன் அளவுக்கு வரவில்லை. பக்ருதீனை நிமிர்ந்து பார்த்து வாயைத் திறந்தாள்.

என்ன சொன்னாள் என்பதை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள், பேனா இனி உங்களுடையது. அவளைத் தோற்கடிக்க மட்டும் பார்க்காதீர்கள். நான் முயன்று பார்த்துவிட்டேன்.